மடங்கு: ஒரு சொல்லும் ஒரு கணக்கு மரபும்

மீனாவிடம் சில கோலிகள் இருக்கின்றன. மீனாவிடம் உள்ளவற்றைப் போல் மும்மடங்கு கோலிகள் கவினிடம் இருக்கின்றன. இருவரிடமும் சேர்த்து 96 கோலிகள். மீனாவிடம் எத்தனை?

உட்லண்ட்ஸ் வட்டாரத்தில் தொடக்கப்பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் இத்தகைய வினாவை ஆங்கிலத்தில் அடிக்கடி எதிர்கொள்கிறார்கள். விடை 24. ஆயினும் 32 என்று எழுதிவிட்டு வருகிற பிள்ளைகளும் உண்டு. அவர்கள் 96ஐ 3ஆல் வகுத்திருக்கிறார்கள். வகுத்தலில் பிழையில்லை, வாய்பாடும் மனத்தில் இருக்கிறது. மீனாவின் பங்கு ஒன்று, கவினின் பங்கு மூன்று, ஆகவே மொத்தம் நான்கு பங்கு என்பதை வாசிக்கத் தவறிவிட்டார்கள். சொற்களால் தரப்படும் கணக்கில் எண்ணுக்கு முன்பாக மொழி வந்து நிற்கிறது. அதனாலேயே மொழியியலார் ஒருவர் கணக்கைப் பற்றிப் பேச வருவது பொருந்தாச் செயலாகாது என நம்புகிறோம்.

மடங்குகளைக் கொண்டு எளிய சொற்கணக்கைத் தீர்க்கும் முறை தமிழுக்குப் புதியதன்று. அம்முறை எங்கெங்கு வாழ்ந்தது, எவ்வாறு சிங்கப்பூருக்கு வந்தது, எப்போது வகுப்பறையிலிருந்து விடைபெற்றது, இன்று நம் வீடுகளில் அதற்கு என்ன இடம் இருக்கக்கூடும் என்பவற்றை இவ்வுரையில் காண்போம்.

சொல்லுக்குள் இருக்கும் செய்கை

‘மடங்கு’ என்பது வினையாகவும் பெயராகவும் வழங்கும் சொல். கை மடங்கும், ஓலை மடங்கும், துணி மடங்கும். ஒரு துணியை ஒருமுறை மடித்தால் இரண்டு படை. அதன் அகலம் பாதியாகிறது, தடிமன் இருமடங்காகிறது. கையால் செய்யும் இச்செயலிலிருந்தே எண்ணின் பெயர் பிறந்தது. இலத்தீனிலும் பன்மடங்கைக் குறிக்கும் சொற்கள் மடித்தலைக் குறிக்கும் வேரிலிருந்தே கிளைத்தன. ஆங்கிலம் அவற்றைக் கடன்பெற்றது. வடமொழி வேறொரு செயலைப் பார்த்தது. அங்கே ‘குணம்’ என்பதற்குக் கயிற்றின் புரி என்றும் பொருள். இருபுரி, முப்புரி என்று முறுக்கேறுவதே அம்மொழியில் பெருக்கம். தமிழில் பெருக்கலைக் குறிக்க ‘குணித்தல்’ என்றும் வழங்கியது அவ்வழி வந்ததே.

வகுத்தலின் பழைய பெயர் இன்னும் நயமானது. பழங்கணக்கு நூல்கள் ஓர் எண்ணை ஐந்தால் வகுக்க வேண்டுமாயின் அதை ஐந்துக்கு ‘ஈயச்’ சொல்லும். ஈதல் என்றால் கொடுத்தல். வகுத்தல் என்பது ஐவருக்குச் சமமாகக் கொடுப்பது. அந்த வினை இன்று வழக்கொழிந்தாலும், வகுத்து வரும் விடையை ‘ஈவு’ என்றே தமிழ்ப் பாடநூல்கள் அழைக்கின்றன. பொருள் தெரியாமல் மனப்பாடம் செய்யப்படும் கலைச்சொல்லுக்குள் ஒரு பங்கீட்டுக் காட்சி உறைந்திருக்கிறது.

எண்ணுப்பெயர்களிலும் பெருக்கல் உண்டு. இருபது என்பது இரண்டு பத்து. முப்பது என்பது மூன்று பத்து. நானூறு என்பது நான்கு நூறு. நூறு வரை எண்ணக் கற்ற தமிழ்க் குழந்தை பத்தின் மடங்குகளைத் தன்னை அறியாமலே ஓதிவிடுகிறது. ஒன்பதும் பத்தும் புணர்ந்து தொண்ணூறாக நிற்பதே இந்த ஒழுங்கிலிருந்து விலகுவது. தொல்காப்பியர் அதற்குக் குற்றியலுகரப் புணரியலில் தனி விதி வகுத்திருக்கிறார். அளவுப் பெயரும் நிறைப் பெயரும் எவ்வெழுத்துகளில் தொடங்கும் என்பதற்கும் அவரிடம் நூற்பா உண்டு. அவ்வெழுத்துகள் ஒன்பது என்கிறார். இலக்கண நூல் படியையும் எடைக்கல்லையும் பொருட்படுத்திய மரபு நம்முடையது.

விளக்கும் ஆடும்

மடங்குக் கணக்கு கல்லில் நின்ற இடம் ஒன்றைக் காட்டலாம். தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் இராசராசன் காலத்துக் கல்வெட்டுகள் நந்தா விளக்குகளுக்கான கொடைகளைப் பதிவு செய்கின்றன. ஒரு விளக்கு இடைவிடாது எரிய நாள்தோறும் ஓர் உழக்கு நெய் வேண்டும். அந்நெய்யை அளிக்கும் பொறுப்புக்கு ஈடாக இடையரிடம் 96 ஆடுகள் ஒப்படைக்கப்பட்டன, பசுவாயின் 48. அவை ‘சாவா மூவாப் பேராடுகள்’ எனப்பட்டன. மூத்தவை இறந்தாலும் குட்டிகள் அவ்விடத்தை நிரப்புவதால், கணக்கில் அவ்வெண்ணிக்கை குறைவதில்லை.

இங்கே ஒரு சொற்கணக்கு இயல்பாக அமைகிறது. ஒருவர் 30 பசுக்களை அளிக்கிறார். ஒரு விளக்கு நிறைவுபெற இன்னும் எத்தனை ஆடுகள் வேண்டும்? ஒரு பசு இரண்டு ஆடுகளுக்கு ஈடு. முப்பதின் இருமடங்கு 60. எஞ்சுவது 36 ஆடுகள். கோயில் கணக்கர் கையாண்ட கணக்கின் தன்மை இதுவே. பொருள்கள் வேறுவேறாயினும், முதலில் ஒன்றைப் பொது அலகாகக் கொண்டு, மற்றதை அதன் மடங்காக்கி, பிறகு கூட்டுவதும் கழிப்பதும்.

96 என்னும் எண்ணைச் சற்றே நோக்குவோம். அதற்கு 1, 2, 3, 4, 6, 8, 12, 16, 24, 32, 48, 96 எனப் பன்னிரண்டு காரணிகள் உண்டு. இருவருக்கும் மூவருக்கும் நால்வருக்கும் அறுவருக்கும் எண்மருக்கும் மீதியின்றிப் பங்கிடலாம். இவ்வெண் தமிழர் அளவைகளில் மீண்டும் தோன்றுகிறது. இரண்டு உழக்கு ஓர் உரி. இரண்டு உரி ஒரு நாழி. எட்டு நாழி ஒரு குறுணி. இரண்டு குறுணி ஒரு பதக்கு. இரண்டு பதக்கு ஒரு தூணி. மூன்று தூணி ஒரு கலம். பெருக்கிப் பார்த்தால் ஒரு கலத்துக்கு 96 நாழி. சிற்றிலக்கிய வகைகளைத் தொகுத்தவர்களும் தொண்ணூற்றாறு என்றே எண்ணினார்கள். பகிர்ந்தளிக்க வசதியான எண் மக்கள் நினைவில் தங்கிவிடுகிறது.

திண்ணையில் ஓதிய கணக்கு

திண்ணைப் பள்ளியில் கணக்குக் கல்வியின் அடிப்படை எண்சுவடி. ‘வாய்பாடு’ என்ற சொல்லே அக்கல்வியின் முறையைச் சொல்லிவிடும். வாயால் பாடி நெஞ்சில் இருத்துவது. முழு எண்களை மேல்வாயிலக்கம் என்றும் பின்னங்களைக் கீழ்வாயிலக்கம் என்றும் வகைப்படுத்தினார்கள். நெல்லிலக்கம் முகத்தலளவையையும், பொன்னிலக்கம் பின்னங்களின் வரிசையையும் பயிற்றின. பின்னங்கள் ஒன்றன் மடங்காக மற்றொன்று அமைந்த வரிசை அது. இருபதில் ஒன்று மா. மாவில் கால் காணி, அதாவது 80இல் ஒன்று. மாவில் பதினாறில் ஒன்று முந்திரி, அதாவது 320இல் ஒன்று. நான்கு முந்திரி ஒரு காணி, நான்கு காணி ஒரு மா என்று ஏறவும் இறங்கவும் பிள்ளைகள் பழகினார்கள். இக்கல்வி வெறும் உருப்போடுதலன்று, நினைவையே கருவியாகக் கொண்டு கணித்தல் என்பதைச் செந்தில் பாபு 2022இல் வெளியிட்ட தென்னிந்தியக் கணித வரலாற்று நூல் விரிவாக நிறுவுகிறது.

வாய்பாட்டை அறிந்தவர்களின் அடுத்த படி கணக்கதிகாரம். காரிநாயனார் இயற்றியதாக வழங்கும் இந்நூல் அளவைகளையும் விதிகளையும் வெண்பாக்களிலும் பிற பாக்களிலும் தருகிறது. பலாப்பழத்தை அறுக்காமலே சுளைகளை மதிப்பிட அது கூறும் வழி பலரும் அறிந்தது. காம்பருகே உள்ள சிறுமுட்களை எண்ணி, அத்தொகையை ஆறால் பெருக்கி, ஐந்துக்கு ஈய வேண்டும். முட்கள் 100 ஆயின் சுளை 120. எல்லாப் பலாவும் இவ்விதிக்குக் கட்டுப்படுமா என்பது தோட்டக்காரரிடம் கேட்க வேண்டியது. மடங்கும் பங்கும் சேர்ந்த விகிதத்தை ஒரு பழத்தின் துணையோடு கற்பித்த திறமே நாம் கருதத் தக்கது.

அம்மரபில் வழங்கும் ஓந்திக் கணக்கு இன்னும் சுவையானது. 32 முழம் உயரமுள்ள பனையில் ஓர் ஓந்தி நாள்தோறும் ஒரு சாண் ஏறி நான்கு விரல் சறுக்குகிறது. எத்தனை நாளில் உச்சியை அடையும்? முழம், சாண், விரல் என மூன்று அளவுகள் வருகின்றன. மிகச் சிறியதான விரலை அலகாகக் கொள்ளத் தெரிந்தவருக்கே வழி திறக்கும். ஒரு சாண் 12 விரல். ஒரு முழம் 24 விரல். 32 முழத்துக்கு 768 விரல். ஒரு நாளின் நிகர ஏற்றம் 8 விரல். 768இல் எட்டுகள் 96. கடைசி நாளில் உச்சியைத் தொட்டபின் சறுக்குவதைக் கணக்கில் சேர்க்கலாமா என்று கூர்மையான மாணவர் கேட்கக்கூடும். 95 நாள் முடிவில் ஓந்தி 760 விரல் உயரத்தில் இருக்கும். 96ஆம் நாள் எஞ்சிய 8 விரலையும் ஏறிவிடும். எவ்வழியில் பார்த்தாலும் விடை மாறாதபடி எண்கள் தேர்ந்தெடுக்கப்பட்டுள்ளன. கணக்கைப் புனைந்தவர் மாணவரின் ஐயத்தையும் முன்னரே எண்ணிப் பார்த்தவர் போலும்.

செட்டித் தெருவிலிருந்து வகுப்பறைக்கு

இக்கணக்கறிவு கடல் கடந்து வந்தது. சிங்கப்பூரில் மார்க்கெட் ஸ்திரீட்டைத் தமிழர்கள் செட்டித் தெரு என்றே அழைத்தார்கள். அங்கிருந்த கிட்டங்கிகளில் நகரத்தார் நிறுவனங்கள் வட்டித்தொழில் நடத்தின. பெட்டியடிப் பையனாகச் சேர்ந்து, அடுத்தாளாக உயர்ந்து, பொறுப்பேற்றவர்கள் வட்டியை மனத்தாலேயே கணித்தார்கள். பேரேடுகளைத் தமிழில் எழுதினார்கள்.

வந்த நாட்டில் அளவைகள் வேறாக இருந்தன. 16 தாகில் ஒரு காத்தி. 100 காத்தி ஒரு பிக்குல். ஆயினும் பதினாறில் ஒன்றுக்குத் தமிழரிடம் மாகாணி என்றும் வீசம் என்றும் பெயர் இருந்தது. ரூபாயில் 16 அணா எண்ணிப் பழகியவர்களுக்குக் காத்தியில் 16 தாகில் எண்ணுவது அயலாகத் தோன்றியிராது. 1867இல் நீரிணைக் குடியேற்றங்கள் பிரிட்டிஷ் இந்தியாவின் நிருவாகத்திலிருந்து பிரிந்தபோது ரூபாயும் விலகியது. வெள்ளியும் காசும் நிலைபெற்றன. பின்னர் 1970களில் மெட்ரிக் அளவைகள் வந்தபோது காத்தியும் தாகிலும் மெல்ல ஒதுங்கின. பதினாறின் மடங்குகள் அகன்று பத்தின் மடங்குகள் நின்றன.

தமிழில் கணக்குக் கற்பித்த பள்ளிகளும் இங்கே இருந்தன. கடையநல்லூர் முஸ்லிம் லீக் 1946இல் தொடங்கிய உமறுப் புலவர் தமிழ்ப் பள்ளி அவற்றுள் புகழ்பெற்றது. பின்னர் உயர்நிலைப் பள்ளியாகவும் வளர்ந்தது. 1960இல் தொடக்கப்பள்ளி இறுதியாண்டுத் தேர்வு முதன்முதலாக நடைபெற்றபோது அது நான்கு மொழிகளில் அமைந்தது. சீனம், மலாய், ஆங்கிலம் ஆகியவற்றுக்கு இணையாகத் தமிழும் ஒரு தேர்வுமொழி. ‘மடங்கு’, ‘பங்கு’, ‘ஈவு’, ‘மீதி’ என்ற சொற்களோடு ஒரு தலைமுறை சிங்கப்பூர்த் தொடக்கப்பள்ளியில் பயின்றது.

அடுத்த பத்தாண்டுகளில் பெற்றோர் பலர் ஆங்கிலவழிப் பள்ளிகளை நாடினர். தமிழ்வழி வகுப்புகளில் மாணவர் எண்ணிக்கை சுருங்கியது. 1982இல் உமறுப் புலவர் தமிழ் உயர்நிலைப் பள்ளி மூடப்பட்டது. 1987 முதல் எல்லாப் பள்ளிகளிலும் ஆங்கிலமே பயிற்றுமொழியானது. தமிழ் தாய்மொழிப் பாடமாயிற்று. இம்மாற்றத்துக்குப் பொருளியற் காரணங்கள் வலுவாக இருந்தன. அதன் பயனைத் தமிழ்க் குடும்பங்களும் பெற்றன. அதே வேளையில், அளவையும் எண்ணையும் பற்றிச் சிந்திக்கும் மொழியாகத் தமிழ் இருந்த காலம் வகுப்பறையில் அத்துடன் முடிந்தது.

ஒன்று முன்னே, மடங்கு பின்னே

இனி மொழியமைப்புக்கு வருவோம். சொற்கணக்குகளில் மாணவர்கள் எங்கே தடுமாறுகிறார்கள் என்பதை லூயிஸ், மேயர் என்னும் அமெரிக்க உளவியலாளர் இருவர் ஆராய்ந்து, அதே 1987ஆம் ஆண்டில் முடிவுகளை வெளியிட்டனர். ஒப்பீட்டுச் சொல் பெருக்கச் சொல்வது போல் ஒலிக்க, உண்மையில் வகுக்க வேண்டியிருக்கும் வினாக்களில் பிழைகள் மிகுகின்றன என்பது அவர்கள் கண்டது. கவினிடம் 72 கோலிகள். அது மீனாவிடம் உள்ளதைப் போல் மும்மடங்கு. மீனாவிடம் எத்தனை என்று கேட்டால், ‘மும்மடங்கு’ என்ற சொல்லைக் கண்டவுடன் 72ஐ மூன்றால் பெருக்கிவிடுவது இத்தகைய பிழை.

இதற்குச் சிங்கப்பூர்க் கல்வியாளர்கள் கண்ட மருந்து உலகப் புகழ் பெற்றது. 1980இல் அமைந்த பாடத்திட்ட மேம்பாட்டு நிலையத்தில் கோ டெக் ஹாங் தலைமையிலான குழு, சொற்கணக்கைப் பட்டைகளாக வரைந்து தீர்க்கும் முறையை உருவாக்கிப் பள்ளிகளுக்குக் கொண்டுவந்தது. மீனாவுக்கு ஒரு கட்டம். கவினுக்கு அதே அளவில் மூன்று கட்டங்கள். நான்கு கட்டங்களும் சேர்ந்து 96. ஒரு கட்டம் 24. கண் பார்த்தவுடன் பிழை விலகுகிறது.

அப்பட்டையை வரையும் வரிசையைத் தமிழ்த் தொடரோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். ஆங்கிலத் தொடர் முதலில் கவினைச் சொல்லும். அடுத்து மூன்று மடங்கைச் சொல்லும். எதன் மடங்கு என்பதைக் கடைசியில் சொல்லும். பிள்ளை மூன்று கட்டங்களை வரையத் தொடங்கும்போது ஒரு கட்டம் எதைக் குறிக்கிறது என்று இன்னும் அறிந்திருக்காது. தமிழின் இயல்பான தொடர், ‘மீனாவிடம் உள்ளதைப் போல் மும்மடங்கு’ என்று அடிப்படையை முன்னே வைக்கும். ‘கவினிடம்’ என்ற சொல்லை முன்னே கொணர்ந்தாலும் பின்னே தள்ளினாலும், மீனாவின் ஒன்று மும்மடங்குக்கு முன்பாகவே வந்துவிடும். தழுவும் சொற்கள் தழுவப்படும் சொல்லுக்கு முன் நிற்பது தமிழ்த் தொடரியலின் பொது இயல்பு. அவ்வியல்பு இங்கே கணக்குக்குத் துணையாகிறது. முதலில் ஒரு கட்டம், பிறகு மூன்று கட்டங்கள் என்று காதில் விழும் வரிசையிலேயே கை வரையலாம். ஆட்டை அலகாக வைத்துப் பசுவை எண்ணியதும், விரலை அலகாக வைத்துப் பனையை அளந்ததும் இதே வரிசைதான்.

இதனால் தமிழ்ப் பிள்ளைகள் பிறரினும் கணக்கில் வல்லவராவர் என்று நாம் வாதிடவில்லை. ஒரே கணக்கை இரண்டு வாயில்களின் வழியே அணுகும் வாய்ப்பு இருமொழிப் பிள்ளைக்கு உண்டு என்பதே நாம் சொல்ல வருவது. ஒரு வாயிலை நாமே அடைத்துவிட வேண்டியதில்லை.

அதற்கு நம் சொல்லாட்சியும் துப்புரவாக இருக்க வேண்டும். ‘மூன்று மடங்கு அதிகம்’ என்று செய்திகளில் எழுதுகிறோம். பத்தின் மூன்று மடங்கு 30. பத்தைவிட மூன்று மடங்கு அதிகம் என்றால் 30ஆ, 40ஆ? எழுதுபவர் ஒன்றை நினைக்க, வாசிப்பவர் மற்றொன்றைக் கொள்ளலாம். ‘மும்மடங்கு’ என்று நிறுத்திக்கொண்டால் ஐயமில்லை. மொழியில் கலங்கிய இடம் கணக்கிலும் கலங்கும்.

வீட்டில் வைக்கும் வினா

உட்லண்ட்ஸில் மடங்குக் கணக்குக்குப் பஞ்சமில்லை. 1924இல் முறைப்படி திறக்கப்பட்ட கடற்பாலத்தின் இக்கரை இது. 1973 மே மாதம் வரை சிங்கப்பூர் வெள்ளியும் மலேசிய வெள்ளியும் சமமதிப்பில் கைமாறின. அன்று பாலத்தைக் கடந்தவர் மடங்கு போட வேண்டியதில்லை. இன்றோ ஒரு சிங்கப்பூர் வெள்ளி மும்மடங்குக்கும் மேற்பட்ட ரிங்கிட்டுக்கு ஈடு. ஜொகூர் பாருவுக்குச் சென்று பொருள் வாங்கும் குடும்பத்தில் அம்மா தம் பிள்ளையிடம், “கண்ணா, ஒரு வெள்ளிக்கு மூன்று ரிங்கிட் என்று வைத்துக்கொள். அங்கே 48 ரிங்கிட் விலையுள்ள சட்டைக்கு நம் காசில் எவ்வளவு?” என்று தமிழிலேயே கேட்கலாம். இங்கே பெருக்குவதா, வகுப்பதா என்று பிள்ளை ஒரு கணம் நின்று யோசிக்கும். அந்த ஒரு கணமே கல்வி.

பேருந்து நிலையத்தில் மற்றொரு வினா காத்திருக்கிறது. ஒரு தடப் பேருந்து 8 நிமிடத்துக்கு ஒருமுறையும் மற்றொன்று 12 நிமிடத்துக்கு ஒருமுறையும் புறப்படுவதாகக் கொள்வோம். இரண்டும் காலை 7 மணிக்குச் சேர்ந்து புறப்பட்டால், மறுபடி எப்போது சேர்ந்து புறப்படும்? எட்டின் மடங்குகள் 8, 16, 24. பன்னிரண்டின் மடங்குகள் 12, 24. ஆகவே 7 மணி 24 நிமிடத்துக்கு. பாடநூல் இதை மீச்சிறு பொது மடங்கு என்னும். நீண்ட பெயர் பிள்ளையை அச்சுறுத்துமாயின், இரண்டு பேருந்துகளும் சந்திக்கும் முதல் நேரம் என்று சொல்லிவிட்டுப் பெயரைப் பின்னர் தரலாம்.

பெற்றோர் சிலர், பள்ளியில் ஆங்கிலத்தில் கற்பதை வீட்டில் தமிழில் சொன்னால் பிள்ளை குழம்பும் என்று அஞ்சுகிறார்கள். அவ்வச்சம் இயல்பானது. ஆயினும் ஒரு வினாவைத் தன் சொற்களில், வேறொரு மொழியில் திருப்பிச் சொல்ல முடிந்த பிள்ளை அவ்வினாவைப் புரிந்துகொண்டது என்றே பொருள். சொல்ல முடியாமல் தடைப்படும் இடத்தில்தான் புரியாத பகுதி ஒளிந்திருக்கும். தமிழில் திருப்பிச் சொல்லச் செய்வது அவ்விடத்தைக் கண்டறியச் செலவில்லாத வழி.

ஒரு மொழி கதைக்கும் பாட்டுக்கும் விழாவுக்கும் மட்டும் உரியதாகச் சுருங்கும்போது, அளக்கவும் பகிரவும் உதவிய சொற்கள் முதலில் உதிர்கின்றன. மாகாணியும் முந்திரியும் உதிர்ந்துவிட்டன. அவற்றுக்குரிய அளவைகளும் இல்லாத நிலையில் அவற்றை மீட்பது கடினம். மடங்கு, பங்கு, ஈவு, மீதி, பாதி, முக்கால் ஆகியவை இன்னும் உயிரோடு இருக்கின்றன. அவற்றுக்கு வேண்டியது பயன்பாடு. சோற்றைப் பகிரும்போதும், காசை எண்ணும்போதும், பேருந்துக்குக் காத்திருக்கும்போதும் அவற்றைப் பிள்ளைகளின் காதில் போட்டுவைப்போம். விடையை அவர்கள் எந்த மொழியிலும் எழுதிக்கொள்ளட்டும்.